அட்டை ஒரு மாநிலம், வேலை ஒரு மாநிலம்: திருவனந்தபுரத்தில் ஒரு தமிழ்க் குடும்பம் வீடு தேடிய நிகழ்வு ஆய்வு

இந்தப் பதிவு பற்றி

திருவனந்தபுரத்தில் வேலை செய்யும் தமிழ்க் குடும்பங்களுக்கு விண்ணப்பம் நிரப்பித் தருவது, அலுவலகங்களுக்கு உடன் போவது, மலையாளத்தில் இருக்கும் ஒப்பந்தத்தை வாசித்துச் சொல்வது என்று சின்னச் சின்ன உதவிகளைச் செய்யும் குழு எங்களுடையது. 2024 ஜனவரியில் எங்களிடம் வந்த ஒரு குடும்பத்துக்கு அடுத்த ஒன்றரை ஆண்டில் என்ன நடந்தது என்பதை, அவர்களுடைய சம்மதத்தோடு, இங்கே வரிசையாக எழுதுகிறோம். ஆட்களை அடையாளம் காட்டக்கூடிய விவரங்களை விட்டிருக்கிறோம்.

பின்னணி

கணவருக்கு 42 வயது. திருநெல்வேலி மாவட்டத்தின் தென்கோடிக் கிராமம் ஒன்றுதான் சொந்த ஊர். சாலைக் கம்போளத்தில் ஒரு பலசரக்கு மொத்தக் கடையில் சரக்கு எடுத்துக் கொடுக்கும் வேலை. மாதம் 18,000 ரூபாய். கம்போளத்தைப் பற்றி வெளியூர்க்காரர்களுக்கு ஒரு வார்த்தை: 18-ம் நூற்றாண்டின் கடைசியில் திருவிதாங்கூர் திவான் ராஜா கேசவதாசர் அமைத்த கடைத்தெரு அது. தெற்கேயிருந்து வந்த வியாபாரிகளும் கடைப் பையன்களுமாக அன்றிலிருந்தே அங்கே தமிழ்க் குரல் உண்டு. தமிழ் வழியில் படிக்க அரசுப் பள்ளிக்கூடமும் அங்கேயே இருக்கிறது.

மனைவிக்கு 37 வயது. தைக்காடு பக்கம் மூன்று வீடுகளில் சமையல். வீட்டுக்கு 4,000 வீதம் 12,000 ரூபாய். முதல் வீட்டில் காலை 6.30-க்கு இருக்க வேண்டும். மூன்றாவது வீட்டு வேலை மாலையில்தான். மகள் ஒன்பதாம் வகுப்பு, மகன் ஐந்தாம் வகுப்பு, இருவரும் தமிழ் வழி. கணவரின் அம்மா உடனிருக்கிறார். எழுபது வயது, சர்க்கரை நோய். ஐந்து பேரும் அட்டக்குளங்கரைக்குப் பின்னால் ஒரு சந்தில், ஒரு அறையும் ஒரு சமையல் திண்ணையுமாக இருந்த வீட்டில் பதினோரு வருடம் வாடகைக்கு இருந்தார்கள். வாடகை 6,500. அட்வான்ஸ் 15,000. ஒப்பந்தம் என்று எதுவும் எழுதியதில்லை.

பின்னால் முக்கியமாகப் போகிற இன்னொரு விவரம் உண்டு. குடும்பத்தின் ரேஷன் அட்டை இன்னும் சொந்த ஊரில்தான் இருந்தது. ‘ஒரே நாடு ஒரே ரேஷன் அட்டை’ வந்த பிறகு கேரளக் கடையில் கைரேகை வைத்தே அரிசி வாங்க முடிந்ததால், அட்டையை மாற்ற வேண்டும் என்ற எண்ணம் யாருக்கும் வரவில்லை.

காலி செய்யச் சொன்னது

ஜனவரி இரண்டாம் வாரம் வீட்டுக்காரர் வந்து, மார்ச் முடிவதற்குள் வீடு வேண்டும் என்றார். இடித்துக் கட்டப்போகிறாராம். காரணத்தை ஊகிப்பது கடினமில்லை. அதே சந்தில் பல வீடுகள் ஏற்கெனவே குடோன் ஆகிவிட்டன. கம்போளத்துக்குச் சரக்குத் தள்ளிக்கொண்டு போகும் தூரத்தில் இடம் வைத்திருப்பவருக்கு, ஒரு குடும்பம் தரும் வாடகை போல இரண்டு மடங்கு கிடைக்கும். அந்த இடத்தில் யார் இருந்தாலும் இந்தக் கணக்கைத்தான் போட்டிருப்பார்கள்.

எழுத்தில் எதுவும் இல்லாததால் தங்களுக்கு எந்த உரிமையும் இல்லை என்று கணவர் நினைத்திருந்தார். அது சரியல்ல. நகரத்துக்குள் 1965-ம் ஆண்டின் கேரளக் கட்டிடக் குத்தகை, வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம் நடப்பில் இருக்கிறது. அதன் 11-ம் பிரிவின்படி, சட்டம் சொல்லும் காரணங்களுக்காக, சட்டம் சொல்லும் வழியில் மட்டுமே வாடகைதாரரை வெளியேற்றலாம். இடித்துக் கட்டுவதும் அந்தக் காரணங்களில் ஒன்றுதான். ஆனால் கட்டிடம் இடிக்க வேண்டிய நிலையில் இருக்க வேண்டும், வரைபடம், அனுமதி, கட்டி முடிக்கும் பணவசதி எல்லாம் உரிமையாளர் கையில் இருக்க வேண்டும். இங்கே அப்படி எதுவும் இல்லை. வாடகைதாரர் என்பதற்குச் சாட்சியாக, கடைசி மூன்று வருட வாடகை ஜிபேயில் போயிருந்தது.

வழக்குப் போட்டிருந்தால் சில வருடங்கள் அதே வீட்டில் இருந்திருக்கலாம். குடும்பம் வேண்டாம் என்றது. வீட்டுக்காரருக்கும் கடை முதலாளிக்கும் பழக்கம். வழக்கு என்று போனால் வேலையைப் பாதிக்கும் என்ற பயம். அந்தப் பயத்துக்கு அடிப்படை இருப்பதாகவே எங்களுக்கும் பட்டது. எனவே சட்டத்தை நீதிமன்றத்துக்கு எடுத்துப் போகாமல், பேச்சுவார்த்தையில் எடுத்து வைப்பது என்று முடிவானது. பிள்ளைகளின் பரீட்சை மார்ச்சில். பள்ளி திறப்பது ஜூனில். மே 31 வரை அவகாசம், சாவி கொடுக்கும் அன்றே 15,000 திரும்ப வேண்டும் என்று கேட்டோம். முதலாளியையும் உட்கார வைத்துப் பேசியதில் வீட்டுக்காரர் ஒத்துக்கொண்டார். ஒரு வெள்ளைத் தாளில் இரு தரப்பும் கையெழுத்துப் போட்டார்கள்.

தேடலில் கவனித்தவை

பழைய வீட்டிலிருந்து நடந்து போகிற தூரத்தில், அதாவது மணக்காடு, கிள்ளிப்பாலம், கரமனை வட்டாரத்தில், இரண்டு அறை வீட்டுக்கு 9,000 முதல் 11,000 வரை கேட்டார்கள். அட்வான்ஸ் 50,000-க்குக் குறைந்து யாரும் பேசவில்லை. புரோக்கருக்கு ஒரு மாத வாடகை. ஆக, முதல் மாத வாடகையையும் சேர்த்தால், உள்ளே நுழையும் முன்பே 70,000 வேண்டும். மாதம் 30,000 சம்பாதிக்கும் குடும்பம் மாத வாடகை 9,500-ஐக் கஷ்டப்பட்டாவது சமாளித்துவிடும். 70,000-ஐ ஒரே நாளில் எடுத்து வைப்பதுதான் முடியாது. வாடகை வீட்டுப் பிரச்சினையைப் பற்றிப் பேசுகிறவர்கள் மாத வாடகையையே பேசுகிறார்கள். எங்களிடம் வருகிற குடும்பங்களில் பெரும்பாலானவை இந்த முதல் நாள் தொகையில்தான் நிற்கின்றன.

அடுத்த தடை தொலைபேசி. எத்தனை பேர் என்பது முதல் கேள்வி, ஊர் எது என்பது இரண்டாவது. ஐந்து பேர் என்றதும் தயங்குவார்கள். ஊரைச் சொன்னதும், அல்லது மலையாளத்தின் நெல்லை வாடையைக் கேட்டதுமே, ‘வீடு கொடுத்தாச்சு’ என்று வைத்துவிடுவார்கள். அப்படி வைத்த ஓர் எண்ணுக்கு அன்று மாலையே எங்கள் குழுவில் உள்ள மலையாளி நண்பர் கூப்பிட்டார். வீடு காலியாகத்தான் இருந்தது, வந்து பார்க்கச் சொன்னார்கள். ஆனால் அந்த வீட்டுக்கு மேற்கொண்டு நாங்கள் முயற்சி செய்யவில்லை. அப்படி மறைத்துப் போய்க் குடியேறினால், அங்கே நிம்மதியாக இருக்க முடியாது என்று மனைவி சொன்னார். நியாயம்தான்.

இதில் உறுத்துவது, வீடே இல்லாத ஊர் இல்லை இது. 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பிலேயே கேரளத்தில் ஏறக்குறைய பத்தில் ஒரு வீடு ஆளில்லாமல் பூட்டிக் கிடந்தது. தேடிப்போன சந்துகளிலேயே ஜன்னல் அடைத்த வீடுகளைப் பார்த்தோம். சொந்தக்காரர் வளைகுடாவில் இருப்பார், சாவி அண்ணன் வீட்டில் இருக்கும். வாடகைக்கு விட்டால் ஆளைக் கிளப்ப முடியாது என்ற பயம் அவர்களுக்கு. எங்கள் குடும்பத்துக்கு மே வரை நேரம் வாங்கிக் கொடுத்த அதே சட்டம்தான், பக்கத்து வீட்டைப் பூட்டியும் வைத்திருக்கிறது. இரண்டும் ஒரே சமயத்தில் உண்மை.

பிப்ரவரிக் கடைசியில் ஆற்றுக்கால் பொங்கல். மணக்காட்டுச் சுற்றுவட்டாரம் முழுக்க உறவினர்களும் பக்தர்களும் நிறைந்துவிடுவதால், அந்த நாட்களில் யாரும் வீட்டைக் காட்டக்கூடத் தயாராக இல்லை. தேடல் தானாகவே நின்றது.

ஒற்றி வீடு

மார்ச் முதல் வாரம் ஒரு புரோக்கர் மணக்காட்டில் ஓர் ஒற்றி வீட்டைக் கொண்டுவந்தார். இரண்டு அறை, தனிக் கழிப்பறை, தண்ணீர்க் குழாய். 4,50,000 ரூபாய் கொடுத்தால் வாடகையே கிடையாது. காலி செய்யும்போது பணம் முழுதும் திரும்பி வரும். தென் திருவிதாங்கூர்ப் பக்கம், எல்லைக்கு இருபுறமும், ஒற்றி பழகிய விஷயம். குடும்பம் உடனே பிடித்துக்கொண்டது. ஆறு பவுன் நகையை அடகு வைத்தால் இரண்டு லட்சம். கட்டிக்கொண்டிருந்த சிட்டியை (சீட்டுப் பணத்தை) எடுத்தால் ஒன்றரை லட்சம். மிச்சம் ஒரு லட்சத்தை, கம்போளத்தில் வட்டிக்குக் கொடுப்பவரிடம் வாங்கலாம் என்றார் கணவர்.

அந்த இரவே உட்கார்ந்து கணக்குப் போட்டோம். நகைக் கடனுக்கு மாதம் சுமார் 2,000 வட்டி. தனியார் வட்டி நூற்றுக்கு ஐந்து. இங்கே பிளேடு என்பார்கள். ஒரு லட்சத்துக்கு மாதம் 5,000. ஆக, வாடகையில்லாத வீட்டுக்கு மாதம் 7,000 ரூபாய் வட்டி. பழைய வாடகையை விட 500 அதிகம். சேமிப்பும் நகையும் இன்னொருவர் கையில்.

கணக்கைக் காட்டியும் கணவருக்கு மனம் வரவில்லை. வாடகை போனால் போனதுதான், ஒற்றிப் பணம் திரும்பி வரும் அல்லவா என்றார். எனவே திரும்பி வருமா என்பதைப் பார்க்க வேண்டியதாயிற்று. புரோக்கர் காட்டிய வரைவு 200 ரூபாய் முத்திரைத் தாளில் பதினொரு மாத ஒப்பந்தம். பதிவு கிடையாது. அனுபவப் பாத்தியத்தோடு கூடிய அடமானம் என்றால், 1882-ம் ஆண்டின் சொத்து மாற்றுச் சட்டப்படி நூறு ரூபாய்க்கு மேல் எந்தத் தொகைக்கும் பதிவுப் பத்திரம் வேண்டும், இரண்டு சாட்சிகள் வேண்டும். பதிவில்லாவிட்டால் 4,50,000-க்கும் அந்த வீட்டுக்கும் சட்டப்படி முடிச்சு இல்லை. பணம் கொடுத்தவர் வெறும் கைமாற்றாகக் கடன் கொடுத்தவர், அவ்வளவுதான்.

அடுத்து வில்லங்கச் சான்று. அதில் அந்த வீட்டின் மேல் ஒரு கூட்டுறவு வங்கியின் கஹான் இருந்தது. கூட்டுறவு வங்கிகள் கடனுக்காகச் சார்பதிவாளர் அலுவலகத்தில் ஏற்றி வைக்கும் அடமானப் பதிவு அது. கடன் தீர்ந்தால் விடுவிப்பும் சான்றில் ஏறும். ஏறியிருக்கவில்லை. ‘பழைய லோன், அடைச்சாச்சு’ என்றார் உரிமையாளர். வங்கிச் சீட்டைக் கேட்டபோது, நாளை தருகிறேன் என்று நாட்கள் போயின. கடன் நிலுவையில் இருந்து வங்கி ஜப்திக்கு வந்தால், முன்னதாகப் பதிவான கஹானுக்குத்தான் முதல் உரிமை. நம் ஒற்றியைப் பதிவு செய்திருந்தாலும் அதற்குப் பின்னால்தான் நிற்கும்.

வேண்டாம் என்று சொல்லச் சொன்னோம். மனைவி உடனே ஒத்துக்கொண்டார். கணவர் இரண்டு நாள் எங்களிடம் பேசவில்லை. அந்த வீட்டுக்கு ஒரு வாரத்துக்குள் வேறு குடும்பம் வந்துவிட்டது. இன்றுவரை எந்தத் தொந்தரவும் இல்லாமல் இருக்கிறார்கள். இதையும் எழுதத்தான் வேண்டும். அவர்களுக்கு ஒன்றும் ஆகவில்லை என்பதால் எங்கள் ஆலோசனை தவறாகிவிடாது. ஆனால் கணவர் அந்த வீட்டு வழியே போகும்போதெல்லாம் என்ன நினைப்பார் என்பது எங்களுக்குத் தெரிகிறது.

எல்லைக்கு அந்தப் பக்கம்

மாமியாரின் உறவினர் ஒருவர் களியக்காவிளையில் இருக்கிறார். 1956 நவம்பர் 1-ம் தேதி விளவங்கோடு தாலுகா சென்னை மாநிலத்தோடு சேர்ந்ததிலிருந்து அது எல்லை ஊர். அவர் மூலம் ஏப்ரலில் ஒரு வீடு வந்தது. இரண்டு அறை, கிணறு, முற்றத்தில் ஒரு முருங்கை. வாடகை 4,500, அட்வான்ஸ் 25,000. புரோக்கர் இல்லை. மாமியாருக்கு ஒரே சந்தோஷம்.

தமிழ்நாட்டுப் பக்கம் இருப்பதன் நன்மைகளைக் குடும்பமே வரிசையாகச் சொன்னது. ரேஷன் அட்டையை மாவட்டம் மாற்றினால் போதும், அரிசி இலவசம். டவுன் பஸ்ஸில் பெண்களுக்குக் கட்டணமில்லை. 2023 செப்டம்பரில் தொடங்கிய மகளிர் உரிமைத்தொகை மாதம் ஆயிரம் ரூபாய்க்கு, ரேஷன் கடை வாரியாக முகாம் நடந்தபோது மனைவி ஊரில் இல்லாததால் விட்டுப்போயிருந்தது. அடுத்த வாய்ப்பு வந்தால் அங்கேயிருந்து கேட்கலாம்.

எங்களுக்கும் முதல் பார்வையில் நல்ல வழியாகவே பட்டது. நகரத்தில் 9,500 கொடுப்பதோடு ஒப்பிட்டால் மாதம் 5,000 மிச்சம். பிறகு மூன்று பேரின் நாளை மணி வாரியாக எழுதிப் பார்த்தபோது படம் மாறியது.

கம்போளத்துக்கும் களியக்காவிளைக்கும் முப்பது கிலோமீட்டருக்கு மேல். பேருந்துக் கட்டணம் ஒரு பக்கத்துக்கு 35 ரூபாயை ஒட்டி வரும். கணவர், மனைவி, மகள் மூவரும் தினமும் போய் வந்தால் மாதம் ஏறக்குறைய 5,500. பாறசாலையில் ரயில் ஏறினால் சீசன் டிக்கெட்டில் செலவு மிகவும் குறையும். ஆனால் வீட்டிலிருந்து ஸ்டேஷனுக்கு இன்னொரு வண்டி பிடிக்க வேண்டும், அடுப்படி வேலைக்காரரின் நேரத்துக்கு ரயில் வராது. டவுன் பஸ் இலவசம் மார்த்தாண்டம் போக உதவும், திருவனந்தபுரம் போக உதவாது. மகளைப் பள்ளி மாற்றலாம் என்றால், கேரளப் பாடத்திட்டத்தில் ஒன்பது முடித்த பெண்ணைப் பத்தாம் வகுப்பில் தமிழ்நாட்டுப் பாடத்திட்டத்துக்குத் தூக்கிப் போடுவதா?

எல்லாவற்றையும் விடப் பெரியது மனைவியின் நேரம். 6.30-க்குத் தைக்காட்டில் அடுப்புப் பற்றவைக்க வேண்டுமானால் ஐந்து மணிக்கு முன்பே வீட்டை விட்டுக் கிளம்ப வேண்டும். மாலை வேலையை முடித்துவிட்டுப் போனால் வீடு சேர இரவு ஒன்பது. மூன்று வீடுகளில் இரண்டு கைவிட்டுப் போகும். மாதம் 8,000 இழப்பு. வாடகையில் மிச்சமாகும் 5,000 பேருந்துக்கே போக, அதற்கு மேல் இந்த 8,000. மலிவான வீடு மாதம் எட்டாயிரத்துச் சொச்சத்துக்கு விலை கூடியதாக இருந்தது.

குடும்பக் கணக்குப் போடும்போது பொதுவாகக் கணவரின் வேலைக்குத் தூரம் பார்ப்பார்கள். அவரோ கடையில் மாதச் சம்பளக்காரர். அரை மணி தாமதமானால் முதலாளி முகம் சுளிப்பார், அவ்வளவுதான். நிமிடக் கணக்கில் கட்டுப்பட்ட வருமானம் மனைவியுடையது.

நேமம்

மே மாதம் பாதி போயிருந்தது. கடைசியில் வழி பிறந்தது மனைவி சமைக்கும் வீடுகளில் ஒன்றிலிருந்து. அந்த வீட்டு ஆசிரியையின் பெரியம்மா நேமத்தில் தனியாக இருக்கிறார். மாடியில் இரண்டு அறை சும்மா கிடக்கிறது. முன்பின் தெரியாதவருக்கு விட மாட்டார். ஆனால் மூன்று வருடமாகத் தன் தங்கை மகள் வீட்டில் சாவி வைத்துக்கொண்டு வேலை செய்யும் பெண் என்றால் சரி என்றார். வாடகை 7,500. அட்வான்ஸ் 50,000.

நகரத்தின் பேருந்து, ரயில் நிலையங்கள் இருக்கும் தம்பானூரிலிருந்து எட்டு ஒன்பது கிலோமீட்டர். தெற்கே போகிற பேருந்து எல்லாம் அந்த வழிதான், அதிகாலையிலும் வண்டி உண்டு. மூவருக்கும் போக்குவரத்து மாதம் சுமார் 2,000. ஆக 9,500. மனைவியின் மூன்று வீடும் தப்பும், மகள் பள்ளி மாற வேண்டாம்.

அட்வான்ஸைத் தவணையாகக் கேட்கலாம் என்று நாங்கள் சொன்னபோது கணவர் கூச்சப்பட்டார். முதல் நாளே கடன் சொன்னால் வீடு போய்விடும் என்றார். ஆசிரியை மூலம் கேட்டோம். 30,000 உடனே, மிச்சம் 20,000 மாதம் நாலாயிரமாக ஐந்து மாதத்தில் என்று முடிந்தது. அந்த 30,000-இல் பாதி பழைய வீட்டு அட்வான்ஸ். மறுபாதியைக் கடை முதலாளி முன்பணமாகக் கொடுத்தார். சம்பளத்தில் மாதம் 2,000 பிடித்துக்கொள்வார். நகையும் சிட்டியும் தொடப்படவில்லை.

வீட்டுக்கார அம்மா ஒப்பந்தமெல்லாம் எதற்கு என்றார். அதில் மட்டும் நாங்கள் விட்டுக்கொடுக்கவில்லை. மாநகராட்சி வீட்டு எண் போட்ட பதினொரு மாத ஒப்பந்தம் எழுதப்பட்டது. காரணம் பின்னால் அட்டை விவகாரத்தில் வருகிறது.

சிதறிய வாரங்கள்

மாடியில் ஒழுகிய தளத்தைச் சரி செய்து ஜூன் நடுவில்தான் தர முடியும் என்றார்கள். பழைய வீட்டை மே 31-இல் விட்டாக வேண்டும். இன்னும் இரண்டு வாரம் கேட்டுப் பார்க்கலாம் என்றோம். சொன்ன தேதியைக் காப்பாற்றினால்தான் 15,000 முழுதாக வரும் என்று கணவர் நினைத்தார். வந்தது.

சாமான்கள் கடையின் குடோன் மூலைக்குப் போயின. கணவர் குடோன் மாடியிலேயே படுத்துக்கொண்டார். மற்ற நால்வரும் களியக்காவிளை உறவினர் வீட்டுக்குப் போனார்கள். பள்ளி திறந்த முதல் இரண்டு வாரமும் மகளும் மனைவியும் அங்கிருந்தே போய் வந்தார்கள். தாளில் போட்ட கணக்கு நடப்பில் எப்படியிருக்கும் என்பது அப்போது தெரிந்தது. மழைக்காலம் வேறு. பாலராமபுரம் நெரிசலில் பேருந்து நின்றால் நின்றதுதான். முதல் வாரத்திலேயே மூன்று நாள் 7 மணிக்கு மேல்தான் மனைவியால் போய்ச் சேர முடிந்தது. இரண்டாவது வாரம் அந்த முதல் வீட்டில் வேறு ஆள் பார்த்துவிட்டார்கள். 4,000 போயிற்று.

அட்டை

நேமத்துக்குக் குடிபோன பிறகு அட்டை விவகாரத்தை எடுத்தோம். கேரள அரசின் லைஃப் திட்டத்தில் வீடில்லாதவர்களுக்கு வீடு கட்ட நான்கு லட்சம் ரூபாய் தருகிறார்கள். நிலமும் இல்லாதவர்களுக்கு அடுக்குமாடி வீடு தரும் பிரிவும் உண்டு. 2020-இல் விண்ணப்பம் வாங்கியபோது குடும்பத்துக்குக் கேரள ரேஷன் அட்டை இருப்பது அடிப்படைத் தகுதிகளில் ஒன்று. பதினோரு வருடம் இதே நகரத்தில் வாடகைக்கு இருந்தும், தாளில் இவர்கள் திருநெல்வேலி மாவட்டத்து வள்ளியூர்ப் பக்கத்துக்காரர்கள். ரேஷன் அரிசி எல்லை தாண்டி வரும், அட்டை தரும் மற்ற தகுதிகள் வராது.

ஊர் அட்டையில் பெயரை நீக்கி, அந்தச் சான்றைக் கொண்டுவந்து, இங்கே அக்ஷயா என்ற இ-சேவை மையம் வழியாகப் புது அட்டைக்குப் போட வேண்டும். ஒரே பெயர் இரண்டு மாநிலத்திலும் இருக்க முடியாது. மாமியார் கடுமையாக எதிர்த்தார். “ஏல, அந்தக் கார்டையும் வெட்டிட்டா ஊருல நமக்கு என்னல இருக்கு?” என்று மகனைக் கேட்டார். அவர் கேட்டதில் பாசம் மட்டும் இல்லை, கணக்கும் இருந்தது. இலவச அரிசி போகும், ஆயிரம் ரூபாய்க்கான வாய்ப்பும் போகும். லைஃப் விண்ணப்பமோ எப்போது திறப்பார்களோ அப்போதுதான்.

நாங்கள் இதில் தீர்ப்புச் சொல்லவில்லை. இரண்டு பக்கத்தையும் எழுதிக் கொடுத்தோம். குடும்பம் எடுத்த முடிவு: மாமியார் பெயர் ஊரில் இருக்கும் இளைய மகனின் அட்டைக்குப் போகும், மற்ற நால்வரும் கேரள அட்டைக்கு. பிள்ளைகள் இங்கேதான் மேற்கொண்டு படிக்கப் போகிறார்கள், அவர்களுக்கு இந்த ஊரின் சான்றுதான் வேண்டும் என்று மனைவி சொன்னது முடிவைத் தீர்மானித்தது.

பிறகு நடந்தது

பெயர் நீக்கத்துக்கே கணவர் வேலையை விட்டுவிட்டு ஊருக்குப் போய் வர வேண்டியிருந்தது. மாநகராட்சி வசிப்பிடச் சான்றுக்கு அந்த ஒப்பந்தம் பயன்பட்டது. 2024 முடியும் முன்பு அட்டை வந்தது, வெள்ளை அட்டை. முன்னுரிமை இல்லாதவர்களுக்கான நிறம் அது. சில கிலோ அரிசியைக் காசு கொடுத்து வாங்க வேண்டும். ஊர் அட்டையில் கிடைத்ததை நினைத்தால் உடனடி நஷ்டம்தான். முன்னுரிமைக் குடும்பங்களுக்கான இளஞ்சிவப்பு அட்டைக்கு மாற்றக் கேட்டுத் தனியாக மனு கொடுத்திருக்கிறார்கள். முடிவு வரவில்லை.

மாடிப்படி மாமியாருக்கு ஒத்துவரவில்லை. ஓணத்துக்குப் பிறகு முழங்கால் வலி என்று ஊருக்குப் போனவர் அங்கேயே தங்கிவிட்டார். வீடு பார்க்கும்போது வாடகை, அட்வான்ஸ், பேருந்து எல்லாவற்றையும் எழுதினோம். படியை யாரும் எழுதவில்லை. பள்ளி விட்டு வரும் பையனைப் பார்த்துக்கொள்ள இப்போது பாட்டி இல்லை. கீழ்வீட்டு அம்மா சாயா கொடுத்து உட்கார வைத்துக்கொள்கிறார். பதிலுக்கு மனைவி அவருக்கும் சேர்த்து இரவுக் கறி வைக்கிறார்.

மனைவி இழந்த முதல் வீட்டுச் சமையல் வேலைக்குப் பதில் பாப்பனங்கோட்டில் ஒரு வீட்டில் வேலை இரண்டு மாதத்தில் கிடைத்தது. அட்வான்ஸ் தவணை ஐந்தும் ஒழுங்காகக் கட்டி முடிந்தது. முன்பு வருமானத்தில் ஐந்தில் ஒரு பங்கைக் கொஞ்சம் தாண்டியிருந்த குடியிருப்புச் செலவு, பேருந்தோடு சேர்த்து இப்போது மூன்றில் ஒரு பங்கை நெருங்குகிறது. சிட்டித் தவணை சில மாதம் பிந்தியது. மகள் பத்தாம் வகுப்பில் தேறிவிட்டாள். 2025 மே மாதம் ஒப்பந்தம் புதுப்பிக்கப்பட்டபோது வாடகை 8,000 ஆயிற்று.

அடுத்த முறை மாற்ற வேண்டியவை

வீடு தேடி வரும் குடும்பத்திடம் ‘எவ்வளவு வாடகை தர முடியும்’ என்று தொடங்குவதை நிறுத்திவிட்டோம். வீட்டில் சம்பாதிக்கும் ஒவ்வொருவரும் எத்தனை மணிக்கு எங்கே இருக்க வேண்டும் என்பதை முதலில் எழுதுகிறோம். வீட்டு வேலை, சமையல் வேலை, பூக்கட்டு, இட்லிக் கடை என்று பெண்களின் வருமானம் பெரும்பாலும் அதிகாலையில்தான் இருக்கிறது. எந்த எல்லைவரை தேடலாம் என்பதை அதுவே சொல்லிவிடுகிறது. இந்தக் குடும்பத்தில் அப்படிச் செய்திருந்தால் களியக்காவிளையைப் பற்றி ஏப்ரல் முழுக்கப் பேசியிருக்க வேண்டியதில்லை.

தேடலைப் புரோக்கரிடமிருந்து தொடங்காமல், வேலை செய்யும் வீடுகளிலும் கடைகளிலும் சொல்லி வைப்பதிலிருந்து தொடங்கச் சொல்கிறோம். ஊரைக் கேட்டுப் போனை வைத்துவிடுகிற நகரத்தில், ஏற்கெனவே நம்மைத் தெரிந்தவரின் ஒரு வார்த்தைக்கு ஐம்பதாயிரத்தைத் தவணையாக்கும் வலு இருந்தது.

ஒற்றி என்று யார் வந்தாலும், பணத்தைப் பற்றிப் பேசும் முன்பு வில்லங்கச் சான்று. அதில் கஹான் இருந்து விடுவிப்பு ஏறாமல் இருந்தால் அதோடு பேச்சு முடிந்தது. இதில் குடும்பத்தின் விருப்பத்துக்கு விடுவதா, நாங்கள் அழுத்திச் சொல்வதா என்று எங்களுக்குள்ளேயே இரண்டு கருத்து உண்டு. அழுத்திச் சொல்ல வேண்டும் என்பது என் கட்சி.

காலி செய்யும் தேதிக்கும் குடிபோகும் தேதிக்கும் நடுவில் இடைவெளி விழுந்தால் அதற்கு ஏற்பாடு முன்னதாகவே வேண்டும். மே 31 என்று எழுதியபோதே ‘புது வீடு கிடைக்கத் தாமதமானால் பதினைந்து நாள் கூடுதல், அதே வாடகையில்’ என்று ஒரு வரி சேர்த்திருக்கலாம். அந்த மனநிலையில் வீட்டுக்காரர் மறுத்திருக்க மாட்டார். இப்போது எழுதிக் கொடுக்கும் தாள்களில் அந்த வரி இருக்கிறது.

அட்டை மாற்றம் வீடு போகிற நெருக்கடியில் எடுக்க வேண்டிய முடிவல்ல, ஒப்பந்தமும் வசிப்பிடச் சான்றும் கையில் இருக்கிற அமைதியான நாளில் எடுக்க வேண்டியது. அட்டக்குளங்கரைச் சந்தில் இன்னும் மூன்று தமிழ்க் குடும்பங்கள் அதே குடோன் வரிசைக்கு நடுவில் இருக்கின்றன. மூவருக்கும் ஊர் அட்டைதான். ஒப்பந்தம் எழுதி வாங்குவதை இப்போதே தொடங்கச் சொல்லியிருக்கிறோம். இரண்டு குடும்பம் தொடங்கிவிட்டது. மூன்றாமவர் ஊரில் மாமனாரிடம் கேட்டுவிட்டுச் சொல்வதாகச் சொல்லியிருக்கிறார்.